தீர்ப்பு 'டிரான்சிட்'டில் இருக்கிறதா? – வாசகர் கேள்வி, வக்கீலம்மா பதில்

சென்ற இதழில் சங்ககிரி வாசகர் ஒருவரின் கடிதத்தைப் பற்றி இரண்டு வரி எழுதி, விவரம் பிறகு என்று விட்டிருந்தேன். போர்ச்சுகல் வக்கீல் ஒருவர் இங்கிலீஷில் கேட்ட ஒரு காகிதம் பற்றிய கடிதம் அது. அந்த இரண்டு வரியைப் பார்த்துவிட்டுத் திருப்பூர், கோவை, ஈரோடு என்று பல இடங்களிலிருந்தும் எழுதிவிட்டார்கள். பனியன் போகிற தேசமெல்லாம் நமக்குப் பக்கத்து ஊர் ஆகிவிட்டது போல. சரி, இந்த முறை கிணற்றுப் பங்கு, வண்டிப் பாதை, பாகப்பிரிவினைக் கேள்விகள் எல்லாம் அடுத்த இதழுக்கு. வாய்தா வாங்குவது எனக்குப் பழகிய வேலைதானே.

வக்கீலம்மா, வணக்கமுங்க. மகன் போர்ச்சுகலில் போர்ட்டோ நகரத்தில் கம்ப்யூட்டர் வேலையில் இருக்கிறான். அந்நாட்டுக் குடியுரிமையும் வாங்கிவிட்டான். அவனுக்கும் மருமகளுக்கும் ஒத்துவரவில்லை. இரண்டு வீட்டாரும் உட்கார்ந்து பேசி, கோவை குடும்ப நீதிமன்றத்தில் பரஸ்பர சம்மதத்தில் விவாகரத்து ஆகிவிட்டது. டிக்ரி கையில் இருக்கிறது. அதை அங்கே பதிவதற்காக அங்குள்ள வக்கீலுக்கு அனுப்பினோம். தீர்ப்பு 'டிரான்சிட்டெட் இன் ஜட்ஜ்மெண்ட்' ஆனதற்குச் சான்று வேண்டும் என்று பதில் போட்டிருக்கிறார். நான் லாரித் தொழில் செய்பவன். எங்களுக்கு டிரான்சிட் என்றால் சரக்கு வழியில் இருக்கிறது என்று அர்த்தம். தீர்ப்பு இன்னும் போய்ச் சேரவில்லை என்கிறாரோ என்று கூரியர் ரசீதை அனுப்பி வைத்தேன். மறுபடியும் அதையேதான் கேட்கிறார். கோர்ட்டில் கேட்டால் அப்படி ஒரு சர்டிபிகேட்டே கிடையாது என்கிறார்கள். என்ன செய்யட்டுமுங்க?
— வாசகர், சங்ககிரி

கூரியர் ரசீதைப் பார்த்த அந்தப் போர்ட்டோ வக்கீல் என்ன நினைத்தாரோ! ஆனால் உங்கள் மேல் தப்பில்லைங்க. அவர் எழுதியது இங்கிலீஷ் வேஷம் போட்ட போர்ச்சுகீசியம். 'டிரான்சிட்டு எம் ஜுல்காடு' என்பது அவர்களுடைய சட்டச் சொல். வேர் லத்தீனில் இருக்கிறது. வழக்கில் இருந்த விஷயம், 'தீர்க்கப்பட்டுவிட்ட விஷயம்' என்ற நிலைக்குக் கடந்து போய்விட்டது என்று பொருள். அப்படிக் கடந்து போவதைத்தான் டிரான்சிட்டு என்கிறார்கள். அதை வார்த்தைக்கு வார்த்தை இங்கிலீஷ் ஆக்கினால், லண்டன் வக்கீலும் உங்களைப் போலத்தான் முழிப்பார்.

போர்ச்சுகலின் இப்போதைய சிவில் நடைமுறைச் சட்டம் 2013-இல் வந்தது. அதன் 628-ஆவது பிரிவு இந்தச் சொல்லுக்கு விளக்கம் தருகிறது. ஒரு தீர்ப்பின் மேல் சாதாரண மேல்முறையீடும் செய்ய முடியாது, தீர்ப்புச் சொன்ன நீதிமன்றத்திலேயே ஆட்சேபம் எழுப்பவும் முடியாது என்ற கட்டம் வந்ததும் அது 'டிரான்சிட்டு' ஆகிவிட்டது. அங்கே மேல்முறையீட்டுக்குப் பொதுவாக 30 நாள், அவசர வழக்கென்றால் 15 நாள். நாள் கடந்தால் தீர்ந்தது. தீர்ப்பு நகலுக்குச் சான்று தரும்போது, 'இன்ன தேதியில் டிரான்சிட்டு ஆனது' என்று நீதிமன்ற அலுவலகமே ஒரு வரி எழுதிக் கொடுத்துவிடும். பிறந்த நாளிலிருந்து அதையே பார்த்து வளர்ந்த வக்கீலுக்கு, அந்த வரி இல்லாத டிக்ரி பாதி டிக்ரியாகத்தான் தெரியும்.

வெளிநாட்டு விவாகரத்தைப் போர்ச்சுகல் ஏற்க வேண்டுமானால் 'ரெலசாவ்' எனப்படும் மேல்முறையீட்டு நீதிமன்றம் ஒன்று அதைப் பரிசீலிக்கும். லிஸ்பன், போர்ட்டோ, கோயிம்ப்ரா, எவோரா, கிமராய்ஷ் என்று அங்கே ஐந்து ரெலசாவ்கள் உண்டு. பரிசீலனைக்கான நிபந்தனைகள் அதே சட்டத்தின் 980-ஆவது பிரிவில் இருக்கின்றன. அதில் ஒன்றுதான் உங்கள் தலைவலி. ஆனால் அந்த நிபந்தனையை முழுசாகப் படிக்க வேண்டும். தீர்ப்பு சொல்லப்பட்ட நாட்டின் சட்டப்படி அது டிரான்சிட்டு ஆகியிருக்க வேண்டும் என்றுதான் இருக்கிறது. நம் நாட்டுச் சட்டப்படி என்றால் போதும். போர்ச்சுகல் அச்சில் வார்த்த சர்டிபிகேட்டைக் கோவையில் தேட வேண்டியதில்லை.

நம் சட்டத்தில் இந்தப் பேரில் ஒன்றும் கிடையாது, சரக்கு மட்டும் இருக்கிறது. 1955-ஆம் வருட இந்து திருமணச் சட்டத்தின் 15-ஆவது பிரிவை எடுங்கள். விவாகரத்தானவர் எப்போது மறுமணம் செய்யலாம்? ஒன்று, மேல்முறையீட்டு உரிமையே இல்லாதபோது. இரண்டு, உரிமை இருந்தும் யாரும் போடாமல் கெடு கடந்துவிட்டபோது. மூன்று, போட்ட மேல்முறையீடு தள்ளுபடியானபோது. இந்த மூன்றையும் போர்ச்சுகல் 628-க்குப் பக்கத்தில் வைத்துப் பார்த்தால் அண்ணன் தம்பி மாதிரி இருக்கிறது. உங்கள் மகனுடைய வக்கீலுக்கு நான் முதலில் காட்டுவது இந்தப் பிரிவாகத்தான் இருக்கும்.

பிறகு ஏன் கோர்ட்டில் எழுதித் தர மாட்டேன் என்கிறார்கள்? அந்த ஊழியர் சோம்பேறி என்று நினைத்துவிடாதீர்கள். அவருக்குப் பயம், அதில் நியாயமும் உண்டு. இந்தியாவில் கெடு கடந்தாலும் கதவு அடைபடுகிறதே தவிரப் பூட்டப்படுவதில்லை. 1963-ஆம் வருடக் காலவரையறைச் சட்டத்தின் 5-ஆவது பிரிவில், போதிய காரணம் காட்டினால் தாமதத்தை மன்னிக்கலாம். அப்பா ஆஸ்பத்திரியில் இருந்தார், பழைய வக்கீல் சொல்லவில்லை, நோட்டீஸ் வேறு முகவரிக்குப் போய்விட்டது என்று வருடங்கள் கழித்து வந்து நிற்பவர்களை நான் நிறையப் பார்த்திருக்கிறேன். சிலருக்கு மன்னிப்பும் கிடைத்திருக்கிறது. அப்புறம் அதே சட்டத்தின் 12-ஆவது பிரிவு. நகல் வாங்க ஆன நாட்களைக் கெடுவிலிருந்து கழித்துக்கொள்ளலாம் என்கிறது.

உங்கள் டிக்ரி நகலின் கடைசிப் பக்கத்தைத் திருப்பிப் பாருங்கள். ரப்பர் ஸ்டாம்பில் வரிசையாகத் தேதிகள் இருக்கும்: மனு போட்ட நாள், ஸ்டாம்ப் கேட்ட நாள், ஸ்டாம்ப் கட்டிய நாள், நகல் தயாரான நாள், நகல் கொடுத்த நாள். பேனாவில் கிறுக்கியிருக்கும். பலர் அதை அலங்காரம் என்று நினைத்து, ஜெராக்ஸ் எடுக்கும்போது விட்டுவிடுவார்கள். விடாதீர்கள். கெடுவைக் கணக்குப் போடும் பஞ்சாங்கமே அந்தக் கட்டம்தான். இரண்டு பேர் வேறு வேறு நாளில் நகல் மனு போட்டிருந்தால் இருவருக்கும் கெடு வேறு வேறு நாளில் முடியும். இப்படி இருக்கும்போது, இந்தத் தேதியோடு எல்லாம் முடிந்தது என்று எந்த அலுவலர் கையெழுத்துப் போடுவார்?

உங்கள் விஷயத்தில் நல்ல காலம், சம்மத விவாகரத்து. 1984-ஆம் வருடக் குடும்ப நீதிமன்றச் சட்டத்தின் 19(2) பிரிவு, இரு தரப்பும் சம்மதித்து வாங்கிய டிக்ரிக்கு மேல்முறையீடே கிடையாது என்கிறது. ஆகவே மேலே சொன்ன மூன்றில் முதல் வழியே உங்களுக்குப் பொருந்தும். கெடு, கழிவு, மன்னிப்பு என்ற கணக்கெல்லாம் வேண்டாம். டிக்ரி கொடுத்த அன்றே அது இறுதியாகிவிட்டது. போர்ட்டோ வக்கீல் தேதி கேட்டால் அந்தத் தேதியையே கொடுக்கலாம்.

சண்டை போட்டு வாங்கிய விவாகரத்தாக இருந்திருந்தால் கொஞ்சம் சுற்று. குடும்ப நீதிமன்றச் சட்டம் மேல்முறையீட்டுக்கு 30 நாள் என்கிறது. 2003-இல் திருத்திய இந்து திருமணச் சட்டத்தின் 28-ஆவது பிரிவோ 90 நாள் என்கிறது. எது செல்லும் என்று நீதிமன்றங்களிலேயே வாதம் நடந்து, 2016-இல் பம்பாய் உயர் நீதிமன்றத்தின் முழு அமர்வு 90 நாள் என்றது. என்னிடம் வருகிறவர்களுக்கு நான் 90-க்கு மேல் நகல் நாட்களையும் கூட்டித்தான் சொல்வேன். கல்யாண மண்டபத்துக்கு அட்வான்ஸ் கொடுக்கிற அவசரத்தில் இருப்பவர்களுக்கு இது பிடிப்பதில்லை.

இனி செய்ய வேண்டியது. கோவையில் வழக்கு நடத்திய வக்கீல் மூலமாக அதே நீதிமன்றத்தில் ஒரு மனு போட்டு, இந்த டிக்ரி சம்மதத்தின் பேரில் வழங்கப்பட்டது, மேல்முறையீடு ஏதும் இருப்பதாகத் தகவல் இல்லை என்று சான்று கேளுங்கள். 'டிரான்சிட்' என்ற வார்த்தையை அந்த மனுவில் எழுதாதீர்கள், எழுதினால் மனு திரும்பித்தான் வரும். கொடுத்தால் சரி. கொடுக்காவிட்டால் உங்கள் வக்கீல் ஒரு சட்டக் கருத்துரையை லெட்டர்ஹெட்டில் எழுதி, 19(2), 15 இரண்டு பிரிவுகளையும் முழுசாக எடுத்துப் போட்டு, நோட்டரி முன்னிலையில் உறுதிமொழியாகக் கொடுக்கட்டும். டிக்ரியின் பக்கங்களில் இந்து திருமணச் சட்டத்தின் '13-பி' பிரிவின்படி சம்மத மனு என்று எங்கே இருக்கிறதோ அங்கே பென்சிலில் குறித்து அனுப்பினால் அவருக்கும் வசதி.

இரண்டு காகிதத்துக்கும் அபோஸ்டில், அதாவது வெளிநாட்டில் காட்டுவதற்கான அரசுச் சான்று, வேண்டும். இந்தியாவில் 2005 ஜூலை 14 முதல் இது நடைமுறையில் இருக்கிறது, போர்ச்சுகலும் அந்த அபோஸ்டில் ஒப்பந்தத்தில் உள்ள நாடு. மாநில அரசின் சான்றொப்பம் வாங்கிய பிறகு வெளியுறவு அமைச்சகம் காகிதத்தின் பின்புறம் ஒரு ஸ்டிக்கர் ஒட்டித் தரும். அதில் உள்ள எண்ணை இணையத்தில் சரிபார்த்துக்கொள்ளலாம். அந்த ஸ்டிக்கர், கையெழுத்தும் முத்திரையும் உண்மையானவை என்று மட்டும்தான் சொல்லும். தீர்ப்பு இறுதியானது என்று சொல்லாது. ஏஜெண்ட் யாராவது 'அபோஸ்டில் போட்டாச்சுன்னா எல்லாம் ஓகே' என்று பணம் கேட்டால் நம்ப வேண்டாம்.

இன்னொன்றும் அந்த வக்கீலுக்குத் தெரிந்திருக்கும், இருந்தாலும் நினைவுபடுத்துங்கள். அவர்கள் சட்டத்தின் 984-ஆவது பிரிவின்படி, சில நிபந்தனைகளை நீதிமன்றம் தானாகவே சரிபார்க்க வேண்டும். டிரான்சிட்டு அந்தச் சிலவற்றில் இல்லை. தீர்ப்பு டிரான்சிட்டு ஆகவில்லை என்று வழக்குக் காகிதங்களிலிருந்து தெரியவந்தால்தான் மறுக்கும். சம்மத டிக்ரியில் அப்படித் தெரியவர என்ன இருக்கிறது? முன்னாள் மருமகளும் சேர்ந்து கையெழுத்திட்டு மனு கொடுத்தால் இன்னும் சுலபம். பேசிப் பாருங்கள், பெரியவர்கள் பேசித்தானே முதலிலும் முடித்தீர்கள்.

திருப்பூரில் பின்னலாடை ஏற்றுமதி செய்கிறேன். போர்ச்சுகல் பையர் ஒருவர், துணியின் எடை (ஜிஎஸ்எம்) குறைவு, சாயம் போகிறது என்று சொல்லிப் பணத்தை நிறுத்தியதோடு, அங்கே நஷ்டஈடு கேட்டு வழக்கும் போட்டார். தபாலில் ஏதோ போர்ச்சுகீசியக் காகிதம் வந்தது. புரியாததால் ஃபைலில் போட்டுவிட்டேன். இப்போது அவருடைய வக்கீல், தீர்ப்பு 'ஃபைனல்' ஆகி 'டிரான்சிட்டட்' ஆகிவிட்டது, பணத்தைக் கட்டு என்று மெயில் போடுகிறார். இங்கே வந்து ஜப்தி செய்ய முடியுமா?
— வாசகர், திருப்பூர்

நேராக வந்து ஜப்தி செய்ய முடியாது. ஆனால் ஃபைலில் போட்டு வைப்பதும் இனி கூடாது.

நம் சிவில் நடைமுறைச் சட்டத்தின் 44-ஏ பிரிவில், பரஸ்பர அங்கீகாரம் உள்ள நாடுகள் என்று மத்திய அரசு அறிவித்தவை இருக்கின்றன. இங்கிலாந்து, சிங்கப்பூர், மலேசியா, ஐக்கிய அரபு எமிரேட்ஸ் போன்றவை. அந்த நாட்டுத் தீர்ப்பென்றால் இங்கே மாவட்ட நீதிமன்றத்தில் நேரடியாக நிறைவேற்று மனு போடலாம். போர்ச்சுகல் அந்தப் பட்டியலில் இல்லை. ஆகவே உங்கள் பையர் அந்தத் தீர்ப்பை ஆதாரமாக வைத்து இங்கே புது வழக்குப் போட வேண்டும். காலவரையறைச் சட்டத்தின் 101-ஆவது இனப்படி அதற்கு மூன்று வருடம். எந்த நாளிலிருந்து? தீர்ப்புத் தேதியிலிருந்து என்று அந்த இனம் சொல்கிறது. டிரான்சிட்டு ஆன தேதியைக் காட்டி அவருடைய வக்கீல் நாளை நீட்டப் பார்த்தால், உங்கள் வக்கீல் இதைப் பிடித்துக்கொள்ளட்டும்.

புது வழக்கில் நீங்கள் சும்மா நிற்க வேண்டியதில்லை. சிவில் நடைமுறைச் சட்டத்தின் 13-ஆவது பிரிவு வெளிநாட்டுத் தீர்ப்பை ஏற்காமல் இருக்க ஆறு காரணங்கள் தருகிறது. உங்களுக்கு இரண்டு உதவும். தீர்ப்பு வழக்கின் தகுதியை ஆராய்ந்து சொல்லப்படவில்லை என்பது ஒன்று. எதிராளி வராவிட்டால், வழக்குப் போட்டவர் சொன்ன விவரங்களை ஒப்புக்கொண்டதாகவே எடுத்துக்கொள்ளும் வழக்கம் போர்ச்சுகலில் உண்டு. அப்படி வந்த தீர்ப்பா, துணியின் டெஸ்ட் ரிப்போர்ட்டைப் பார்த்துச் சொன்ன தீர்ப்பா என்று முழு நகலை வாங்கிப் படிக்க வேண்டும். இன்னொன்று, இயற்கை நீதி மீறல். வெளிநாட்டுச் சம்மன்களுக்கான ஹேக் ஒப்பந்தத்தில் இந்தியா சேர்ந்தபோதே, தபாலில் நேரடியாக அனுப்புவதை ஏற்கமாட்டோம் என்றும், காகிதம் இங்கிலீஷில் இருக்க வேண்டும் அல்லது இங்கிலீஷ் மொழிபெயர்ப்போடு வர வேண்டும் என்றும் அறிவித்துவிட்டது. உங்களுக்கு வந்தது வெறும் போர்ச்சுகீசியத் தபால். அந்த உறையைத் தூக்கிப் போடாமல் வைத்திருக்கிறீர்கள் அல்லவா? அதில் உள்ள தபால் முத்திரைதான் இப்போது உங்கள் சாட்சி.

ஏற்றுமதியாளர்கள் கவனிக்காத இடம் வேறு ஒன்று. போர்ச்சுகல் தீர்ப்பு ஐரோப்பிய யூனியன் முழுக்க ஓடும். உங்களுக்கு ஜெர்மனியிலோ ஸ்பெயினிலோ வேறு பையர் இருந்து, அவர் உங்களுக்குப் பணம் தர வேண்டியிருந்தால், அந்தப் பணத்தையே அங்கே முடக்கக் கேட்கலாம். திருப்பூர் ஃபேக்டரியைத் தொட மாட்டார்கள், ஹாம்பர்க்கிலிருந்து வரவேண்டிய பேமெண்ட் நின்றுவிடும். அதனால் லிஸ்பனில் ஒரு வக்கீலைப் பிடித்து, சம்மன் சரியாகச் சேரவில்லை என்று அந்தத் தீர்ப்பை அங்கேயே அசைக்க முடியுமா என்று இந்த வாரமே கேளுங்கள். டிரான்சிட்டு என்பது சாதாரண மேல்முறையீடு முடிந்தது என்று மட்டும்தான் பொருள். அங்கேயும் அசாதாரணமான மறுஆய்வு மனு என்று ஒன்று உண்டு. எதிராளிக்கு முறையாகத் தெரிவிக்காமல் நடந்த வழக்கு அதற்கான காரணங்களில் வரும்.

அடுத்த ஆர்டரிலிருந்து ஒப்பந்தத்தில் தகராறுக்கு எந்த ஊர் என்று எழுதிப் போடுங்கள். விலை பேசும்போது ஒரு பைசாவுக்கு மணிக்கணக்காக மல்லுக்கட்டுகிறோம், இந்த ஒரு வரியை மட்டும் பையர் அனுப்பியபடியே விட்டுவிடுகிறோம்.

அம்மா, கோவையில் சட்டம் படிக்கிறேன். 'டிரான்சிட்டு எம் ஜுல்காடு' என்பதும் நாங்கள் படிக்கும் 'ரெஸ் ஜுடிகேட்டா'வும் ஒன்றுதானா? ஒரு இங்கிலீஷ் மொழிபெயர்ப்பில் அப்படித்தான் போட்டிருந்தார்கள்.
— மாணவி, கோவை

நல்ல கேள்வி, கண்ணு. ஒன்றல்ல, ஆனால் ஒன்றிலிருந்து மற்றது பிறக்கிறது. டிரான்சிட்டு என்பது ஒரு நிகழ்வு, அதற்குத் தேதி உண்டு. அந்தத் தேதிக்குப் பிறகு தீர்ப்புக்கு வருகிற பலம்தான் ரெஸ் ஜுடிகேட்டா. போர்ச்சுகலில் அதை 'காஸு ஜுல்காடு' என்றும் பிரேசிலில் 'கொய்சா ஜுல்காடா' என்றும் சொல்வார்கள். நம் சிவில் நடைமுறைச் சட்டம் 11-ஆவது பிரிவின் முன்தீர்ப்புத் தடை, அதாவது தீர்ந்த விவகாரத்தை மறுபடி வழக்காக்க முடியாது என்பது, இந்த இரண்டாவதைப் பற்றியது. மேல்முறையீடு நிலுவையில் இருக்கிற தீர்ப்பை வைத்து முன்தீர்ப்புத் தடை பேச முடியாது என்று நீ படித்திருப்பாய். டிரான்சிட்டு ஆகவில்லை என்று போர்ச்சுகல்காரர் சொல்வது அதைத்தான்.

இந்தச் சொல் ஒரு நாட்டின் அரசியலையே புரட்டிப்போட்ட கதை தெரியுமா? பிரேசிலின் 1988-ஆம் வருட அரசியல் சாசனம், 5-ஆவது பிரிவு, 57-ஆவது உட்கூறு: குற்றத் தீர்ப்பு டிரான்சிட்டு ஆகும்வரை யாரையும் குற்றவாளியாகக் கருதக் கூடாது. அப்படியானால் இரண்டாம் கட்ட மேல்முறையீட்டில் தோற்றவரைச் சிறையில் வைக்கலாமா, உச்ச நீதிமன்றம் வரை போய் முடிந்த பிறகுதான் வைக்க வேண்டுமா? 2009-இல் அந்நாட்டு உச்ச நீதிமன்ற நீதிபதிகள் வைக்கக் கூடாது என்றார்கள். 2016-இல் வைக்கலாம் என்றார்கள். 2019 நவம்பர் 7-இல் ஆறுக்கு ஐந்து என்ற கணக்கில் மறுபடியும் வைக்கக் கூடாது என்றார்கள். மறுநாளே முன்னாள் அதிபர் லூலா 580 நாள் சிறைக்குப் பிறகு வெளியே வந்தார். 2022 தேர்தலில் வென்று மறுபடி அதிபரானார். அன்று இங்கிலீஷ் பத்திரிகைகள் இந்தச் சொல்லைத் தொடவே இல்லை என்று சொல்லலாம். எல்லா மேல்முறையீடும் தீரும்வரை என்று விரித்து எழுதிவிட்டுப் போனார்கள். அதுதான் சரியான மொழிபெயர்ப்பு என்பேன்.

நம் ஊரில் கதை நேர் எதிர். பொதுவாக விசாரணை நீதிமன்றம் தண்டித்த அன்றே உள்ளே போக வேண்டும், தண்டனையை நிறுத்தி வைக்கச் சொல்லித்தான் மேலே ஓட வேண்டும். மேல்முறையீடு போட்டால் எம்.பி., எம்.எல்.ஏ. பதவி உடனே போகாது என்று ஒரு நிழல் இருந்தது. மக்கள் பிரதிநிதித்துவச் சட்டத்தின் 8(4) பிரிவு. அதையும் 2013 ஜூலை 10-இல் உச்ச நீதிமன்றம் எடுத்துவிட்டது. செமினாருக்குத் தலைப்பு தேடுகிறாயானால், இந்த இரண்டையும் பக்கத்தில் பக்கத்தில் வைத்து எழுது.

ஈரோட்டில் டைப்பிங், மொழிபெயர்ப்பு நிலையம் வைத்திருக்கிறேன். இந்த மாதிரிக் காகிதம் வந்தால் இங்கிலீஷில் எப்படிப் போடுவது? 'டிகிரி அப்சொல்யூட்' என்று போடலாமா?
— வாசகர், ஈரோடு

போடாதீர்கள். டிகிரி நைசை, டிகிரி அப்சொல்யூட் என்பது இங்கிலாந்து விவாகரத்தின் இரண்டு படிகள். முதல் உத்தரவு தற்காலிகம், பிறகு கேட்டு வாங்குவது முழுமை. அவர்களே 2022 ஏப்ரலில் அந்தப் பெயர்களைக் கைவிட்டு, கண்டிஷனல் ஆர்டர், ஃபைனல் ஆர்டர் என்று மாற்றிக்கொண்டார்கள். நம் ஊர்க் கிறிஸ்தவர்களுக்கான 1869-ஆம் வருட விவாகரத்துச் சட்டத்திலும் இந்த இரண்டு படி இருந்தது, 2001 திருத்தத்தில் போய்விட்டது. பழைய டிக்ரி ஒன்றில் 'நைசை' என்று பார்த்தால் அதை அப்படியே விடுங்கள், போர்ச்சுகல் காகிதத்துக்கு அதைக் கடன் வாங்க வேண்டாம்.

இன்ன தேதியில் தீர்ப்பு 'ஃபைனல்' ஆனது, சாதாரண மேல்முறையீட்டுக்கு இனி இடமில்லை என்று இங்கிலீஷில் நீட்டி எழுதுங்கள். ஒரு சொல்லுக்கு ஒரு சொல் என்ற கணக்கு சட்டக் காகிதத்தில் எடுபடாது. எந்த மேல்முறையீடும் எக்காலத்திலும் இல்லை என்று அடித்துச் சொல்லிவிடாதீர்கள், மறுஆய்வு இருக்கிறது என்று மேலே சொன்னேனே. தேதியை மட்டும் இரண்டு முறை பாருங்கள். தீர்ப்புத் தேதி ஒன்று, டிரான்சிட்டுத் தேதி ஒன்று, சான்று கொடுத்த தேதி ஒன்று என்று மூன்று இருக்கும். மூன்றையும் ஒன்றாக்கிவிட்ட மொழிபெயர்ப்பு என் மேஜைக்கு வந்திருக்கிறது.

நீங்கள் செய்த மொழிபெயர்ப்பு அங்கே செல்லுமா என்றும் கேட்டிருந்தீர்கள். போர்ச்சுகலில் அரசு நியமித்த மொழிபெயர்ப்பாளர் என்ற முறை இல்லை. நோட்டரியோ வக்கீலோ மொழிபெயர்ப்புக்குச் சான்று தருவார்கள். பிரேசிலில் அப்படியில்லை, உறுதிமொழி எடுத்த அரசு மொழிபெயர்ப்பாளர்தான் செய்ய வேண்டும். பிரேசிலுக்குப் போகிற காகிதத்தை இங்கே போர்ச்சுகீசியம் ஆக்கிக் காசு வாங்கினால், வாடிக்கையாளர் திரும்பி வந்து சண்டை போடுவார்.

கோவா நம் நாடுதானே, அங்கே போர்ச்சுகல் சட்டம் இருக்கிறதாமே. அங்குள்ள கோர்ட்டிலும் இந்த டிரான்சிட்டு முத்திரை போடுகிறார்களா?
— வாசகி, பொள்ளாச்சி

இல்லை. அங்கே இன்னும் நடப்பது 1867-ஆம் வருடப் போர்ச்சுகீசிய சிவில் சட்டத்தின் குடும்பப் பகுதிகள், வாரிசுப் பகுதி 2016 வரை நடந்தது. கல்யாணம் ஆனால் சொத்தில் ஆளுக்குப் பாதி என்பதெல்லாம் அதில் வருவது. வழக்கு நடத்தும் முறை நம் சட்டம்தான். மேலே சொன்ன 'ரெலசாவ்' ஒன்று 1544 முதல் கோவாவிலும் இருந்தது. இப்போது பம்பாய் உயர் நீதிமன்றத்தின் கோவா அமர்வு இருக்கிறது. பழைய கட்டுகளில் இந்தச் சொல் கிடக்கும், புதிய தீர்ப்பில் பார்க்க மாட்டீர்கள். மாப்பிள்ளை கோவாக்காரர் என்று கடிதத்தின் கடைசியில் எழுதியிருக்கிறீர்கள். அப்படியானால் கேட்க வேண்டியது சொத்துப் பங்கு பற்றித்தான். அதைத் தனியாக எழுதுங்கள், பெயர் போடாமல் பதில் தருகிறேன்.

கரூர் மாவட்டத்தில் வாங்கிய விவாகரத்து. மேல்முறையீடு இல்லை என்று பார்க்க சென்னை உயர் நீதிமன்றத்துக்குப் போக வேண்டுமா?
— வாசகர், குளித்தலை

சென்னை வேண்டாம். கோவை, ஈரோடு, திருப்பூர், சேலம், நாமக்கல்லுக்குச் சென்னை, கரூருக்கு மதுரைக் கிளை. அதற்கு முன் டிக்ரியின் முதல் பக்கத்தில் எந்த நீதிமன்றம் என்று பாருங்கள். குடும்ப நீதிமன்றம் என்றால்தான் மதுரை. சார்பு நீதிமன்றம் என்றிருந்தால் மேல்முறையீடு மாவட்ட நீதிமன்றத்துக்குப் போகும், கரூரிலேயே தேடிவிடலாம். வழக்கு எண்ணையும் வருடத்தையும் ஒரு துண்டுச் சீட்டில் எழுதி எடுத்துப் போங்கள். பெயரை மட்டும் சொன்னால் யாரும் தேடித் தர மாட்டார்கள்.